சூம் எஃப்3 ஒலிப்பதிவுக் கருவி: சர்ச்சைப் படம் எடுப்பவர் மலைக்குக் கொண்டுபோகலாமா?

யானை வழித்தடம், ஆட்கொல்லிப் புலி, கூடலூரின் ஜென்மம் நில உரிமை, பாதரசக் கழிவு, இ-பாஸ். நீலகிரியிலும் பழனி மலையிலும் வழக்குக்கும் வாக்குவாதத்துக்கும் பஞ்சமே இல்லை. இவற்றைத் தொலைக்காட்சிக்கு ஆவணப்படமாக எடுக்க வருகிறவர்கள் கேமராவுக்கு லட்சக்கணக்கில் செலவழித்துவிட்டு, அதன் தலையில் செருகிய சின்ன மைக்கை நம்பி மலையேறுகிறார்கள். திரும்பிப் போய்ப் பார்த்தால் மூடுபனி பிரமாதமாக வந்திருக்கும். பேசினவர் சொன்னது பாதி காற்றோடு போயிருக்கும். சுற்றுலாப் படத்துக்கு அது பெரிய நஷ்டமில்லை, மேலே ஒரு புல்லாங்குழலைப் போட்டு மூடிவிடலாம். இரண்டு தரப்பு எதிரெதிராக நிற்கிற படத்தில் அப்படி முடியாது. தமிழ்ப் பேச்சில் குரல் தாழ்வது வாக்கியத்தின் கடைசியில். "கொடுத்தாங்க"ளா "கொடுக்கலை"யா என்பது தெரிவதும் அதே கடைசியில்தான். அந்த ஓரசை கேட்கவில்லையென்றால் சாட்சி தலைகீழாகிவிடும்.

சூம் நிறுவனத்தின் எஃப்3-ஐ இங்கே எடைபோடுவது இந்த ஒரு அளவுகோலை வைத்துத்தான். இசைக் கச்சேரி, பறவை ஒலி, யூடியூப் சமையல் இவற்றுக்கு அது எப்படி என்று பலரும் எழுதிவிட்டார்கள்.

முதலிலேயே முடிவைச் சொல்லிவிடலாம். ஒருவரை உட்காரவைத்துப் பேட்டி எடுக்கிற வேலைக்கு, ஒலிக்கென்று தனி ஆள் வைத்துக்கொள்ள முடியாத சிறு குழுவுக்கு, இந்த விலைக்கு இதைவிடப் பொருத்தமானது வேறு எதையும் சொல்லத் தோன்றவில்லை. கிராமசபை, மறியல், கலெக்டர் ஆபீஸில் குறைதீர் கூட்டம் என்று பல வாய்கள் ஒரே நேரத்தில் பேசுகிற இடமே உங்கள் படத்தின் மையம் என்றால் இது போதாது.

பெட்டிக்குள் இருப்பதும் இல்லாததும்

2022-ல் வெளிவந்த கருவி. அமெரிக்காவில் 350 டாலரை ஒட்டிய விலையில் அறிமுகமானது; இங்கே இறக்குமதி வரியும் கடைக்காரர் லாபமும் சேரும். உள்ளங்கையில் அடங்கும். மைக்குக்கான மூன்று முனை எக்ஸ்எல்ஆர் உள்ளீடுகள் இரண்டு, அந்தக் கம்பி வழியே மைக்குக்குப் போகும் 48 வோல்ட் ஃபாண்டம் மின்சாரம், இரண்டு டபுள்-ஏ பேட்டரி அல்லது யூஎஸ்பி-சி மின்சாரம், 1 டெராபைட் வரை ஏற்கும் ஒரே ஒரு மைக்ரோ எஸ்டி துளை, ஹெட்ஃபோனுக்கு ஒன்று, கேமராவுக்கு அனுப்ப லைன் அவுட் ஒன்று. சட்டைக் காலரில் குத்தும் சாதாரண 3.5 மி.மீ. மைக்கை நேராகச் செருக இடமில்லை. அதற்கு ஃபாண்டம் மின்சாரத்தை 3 முதல் 5 வோல்ட்டாகக் குறைத்துத் தரும் மாற்றி வேண்டும். ரோடு நிறுவனத்தின் விஎக்ஸ்எல்ஆர் பிளஸ் அந்த வேலையைச் செய்கிறது. வெறும் செருகி மாற்றும் மலிவு அடாப்டரை வாங்கினால் மைக்குக்கு மின்சாரம் சரியாகப் போகாது: ஒலி வராது, அல்லது மைக் போய்விடும். ஆன்லைனில் ஆர்டர் போடும்போது நிறையப் பேர் தடுக்கி விழுவது இங்கேதான்.

முக்கியமான "இல்லாதது" ஒன்று உண்டு. ஒலியளவைக் கூட்டவும் குறைக்கவும் திருகு கிடையாது. ஒவ்வோர் உள்ளீட்டுக்கும் உள்ளே, ஒலியை எண்களாக மாற்றும் சில்லுகள் இரண்டு இருக்கின்றன. ஒன்று முணுமுணுப்பைக் கவனிக்கிறது, இன்னொன்று கத்தலைக் கவனிக்கிறது. இரண்டையும் இணைத்து 32-பிட் ஃப்ளோட் கோப்பாக எழுதிவிடுகிறது. அளவை எடிட்டிங்கில் வைத்துக்கொள்ளலாம். 24-பிட்டில் பதியும் வசதியே இதில் இல்லை.

இதை வைத்து "இனிமேல் ஒலி கிழியவே கிழியாது" என்று கடைக்காரர் சொன்னால் பாதிதான் நம்பவேண்டும். கருவிக்குள் வந்தபின் கிழியாது, அது உண்மை. மைக்கின் உள்ளேயே கிழிந்துவிட்டால், காற்று சவ்வைப் பிடித்து உலுக்கிவிட்டால், வயர்லெஸ் டிரான்ஸ்மிட்டரில் அளவு தவறிவிட்டால், கிழிந்த ஒலியைத்தான் எஃப்3 மிக நேர்மையாகப் பதிந்து வைக்கும். தூரத்தையும் அதனால் ஒன்றும் செய்ய முடியாது.

நடுநிலை தொடங்கும் இடம்

தூரத்தைப் பற்றிக் கொஞ்சம் நின்று பேசவேண்டும்.

சர்ச்சைப் படங்களில் திரும்பத் திரும்ப நடக்கும் ஒன்று: எஸ்டேட் மேலாளரையோ வனத்துறை அதிகாரியையோ அவருடைய அறையிலேயே உட்காரவைத்து, காலர் மைக் குத்தி, ஜன்னலைச் சாத்திப் பேட்டி எடுப்பார்கள். கொழுந்து பறிக்கும் அம்மாவை வழியில் நிறுத்தி, கேமரா மைக்கை இரண்டு மீட்டர் தள்ளி நீட்டுவார்கள். எடிட்டிங்கில் இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைப்பார்கள். ஒருவர் வரவேற்பறைக்கு வந்து பேசுகிற மாதிரி இருக்கும், இன்னொருவர் தெருமுனையிலிருந்து கத்துகிற மாதிரி இருக்கும். வசனத்தில் எவ்வளவு நியாயம் பார்த்தாலும் காது ஏற்கெனவே ஒரு பக்கம் சாய்ந்துவிட்டது.

மைக்குக்கும் வாய்க்கும் உள்ள தூரம் இரட்டிப்பானால் குரல் 6 டெசிபல் விழும். 20 செ.மீ. தூரத்திலிருந்து 2 மீட்டர் போனால் 20 டெசிபல் போச்சு. சுற்றுச்சத்தமோ விழாது, இருக்கிற இடத்திலேயே இருக்கும். எஃப்3-இல் பதிந்த அந்த அம்மாவின் குரலை எடிட்டிங்கில் 20 டெசிபல் ஏற்றினால் குரலோடு சில்வண்டும், மலைப்பாதைப் பேருந்தின் ஏர்ஹாரனும், பக்கத்து வீட்டு டிவியும் சேர்ந்து ஏறும். 32-பிட் இதற்கு மருந்தே இல்லை.

ஆகவே இரு தரப்புக்கும் ஒரே மைக், ஒரே தூரம், ஒரே மாதிரி அடைப்பான அறை. காலர் மைக் என்றால் முகவாய்க்குக் கீழே ஒரு சாண். திருகு இல்லாத கருவி இந்த ஒழுங்குக்குத் துணைநிற்கிறது: அதிகாரி மேசையைத் தட்டினாலும், தொழிலாளி கமறிய குரலில் பேசினாலும், நடுவில் யாரும் எதையும் திருகி ஒருவரை உயர்த்தவும் மற்றவரைத் தாழ்த்தவும் வழியில்லை. 2021-ல் மசினகுடி, கூடலூர்ப் பக்கம் டி23 புலியைச் சுடுவதா, உயிரோடு பிடிப்பதா என்று ஊரே இரண்டுபட்டதே, அது போன்ற நேரத்தில் பேட்டி தருபவர் முதல் பத்து நிமிடம் தணிந்து பேசி, பதினோராவது நிமிடம் வெடிப்பார். சாதாரணக் கருவியில் அளவு வைத்தவர் முதல் பகுதிக்கு ஏற்ப வைத்திருப்பார்; வெடித்த இடம் பாழாகும். எஃப்3 ஜெயிப்பது இந்த இடத்தில்தான்.

இரண்டு உள்ளீடு இருப்பதை எப்படிப் பிரிப்பது? பலர் ஒருவருக்கே காலர் மைக் ஒன்று, தலைக்கு மேல் தொங்கும் குழல் மைக் ஒன்று என்று இரண்டையும் கொடுத்துவிடுகிறார்கள். ஒலி அருமையாக வரும். ஆனால் கேள்வி கேட்டவர் குரல் அறைக்கு வெளியிலிருந்து வருவதுபோல் கிடக்கும். சர்ச்சைப் படத்தில் கேள்வியும் சாட்சிதான். என்ன கேட்டதற்கு இந்தப் பதில் என்பது நாளைக்குப் பிரச்சினையாகும். ஒன்று பேசுபவருக்கு, இன்னொன்று கேட்பவருக்கு. கோப்பு வடிவத்தை மோனோவில் வையுங்கள், இரண்டும் தனித்தனிக் கோப்பாக வரும்.

நீலகிரியில் மூன்றாவது ஆள் ஒருவரும் இருப்பார்: மொழிபெயர்ப்பவர். தமிழ்நாட்டில் மிகவும் நலிந்த பழங்குடிகளாகப் பட்டியலிடப்பட்ட ஆறு சமூகங்களும் (தோடர், கோத்தர், குறும்பர், இருளர், பணியர், காட்டுநாயக்கர்) இந்த மாவட்டத்தில் வாழ்கிறார்கள். பெரியவர்கள் தம் மொழியில் பேசும்போதுதான் பேச்சு முழுசாக வரும். அப்போது மொழிபெயர்ப்பவருக்கு இரண்டாவது மைக்கைக் கொடுங்கள்; கேட்பவர் குரல் கேமராவில் விழட்டும். மொழிபெயர்ப்பு தனித் தடத்தில் இருந்தால் பின்னால் அந்த மொழி தெரிந்த இன்னொருவரை வைத்துச் சரிபார்க்கலாம். இரண்டையும் ஒரே மைக்கில் குழப்பியவர்கள், பெரியவர் சொன்னதா மொழிபெயர்ப்பவர் சேர்த்ததா என்று தெரியாமல் அந்தப் பகுதியையே வெட்டிப் போடவேண்டிவரும்.

மலை செய்யும் வேலை

முதல் எதிரி ஈரம். ஜூன் தொடங்கினால் கூடலூர், தேவாலா பக்கமும், வடகிழக்குப் பருவமழையில் குன்னூர், கோத்தகிரி பக்கமும் காற்றே நனைந்திருக்கும். மின்சாரம் ஊட்டி இயங்கும் கண்டென்சர் மைக்கின் சவ்வில் ஈரம் படிந்தால் வெண்ணெய் காய்கிற மாதிரி படபடவென்று பொரியும். அதை எந்த மென்பொருளும் முழுசாக எடுக்காது. சென்ஹைசர் எம்கேஎச் 416, ரோடு என்டிஜி3 போன்ற ரேடியோ அலைவரிசை முறையில் இயங்கும் மைக்குகள் ஈரத்தைத் தாங்கும், விலைதான் எஃப்3-ஐவிடக் கூட. காசு இல்லையென்றால் டைனமிக் கைமைக் ஒன்றைப் பையில் போட்டுவையுங்கள். அதற்கு மின்சாரமும் வேண்டாம், ஈரமும் ஒன்றும் செய்யாது. பார்க்க நியூஸ் சானல் மாதிரி இருக்கும், அவ்வளவுதான்.

ஈரம் வெளியிலிருந்து மட்டும் வருவதில்லை. தலைக்குந்தாவில் டிசம்பர், ஜனவரி விடிகாலையில் உறைபனி படிந்திருக்கும். அந்தக் குளிரில் கிடந்த கருவியை அடுப்பு எரியும் வீட்டுக்குள் கொண்டுவந்து பையைத் திறந்தால், சூடான காற்றின் நீராவி குளிர்ந்த உலோகத்தில் வியர்வையாகப் படியும். பையைத் திறக்காமல் அரைமணி நேரம் ஓரமாக வையுங்கள். உள்ளே சிலிக்கா ஜெல் பொட்டலம் இருக்கட்டும். அந்த அரைமணியில் டீ குடித்துப் பேசிக்கொண்டிருப்பது பேட்டிக்கும் நல்லது. எஃப்3 நீர்புகாக் கருவி அல்ல, பேட்டரி மூடியும் லேசான பிளாஸ்டிக்தான். தூறலில் அதை வெளியே தொங்கவிட்டுக்கொண்டு நடப்பது அதிகப்பிரசங்கித்தனம்.

இரண்டாவது காற்று. கறுப்பு ஸ்பாஞ்சு உறை அறைக்குள் ஃபேன் காற்றுக்கு மட்டும் லாயக்கு. தொட்டபெட்டா, கொடைக்கானல் கோக்கர்ஸ் வாக் போன்ற மலை விளிம்புகளில் முடி வைத்த ஃபர் உறை கட்டாயம். குழல் மைக் என்றால் கூண்டும் அதன்மேல் ஃபர் உறையும். காலர் மைக்குக்கும் சின்ன ஃபர் குஞ்சம் கிடைக்கிறது. அது தொலைந்துபோகும், இரண்டு மூன்று வாங்குங்கள். கருவியில் 80 ஹெர்ட்ஸுக்குக் கீழுள்ள உறுமலை வெட்டும் வசதி இருக்கிறது. பேச்சுக்குப் போட்டுவைத்தால் நஷ்டமில்லை. ஆனால் சவ்வே காற்றில் ஆடிவிட்டால் வெட்டியும் பயனில்லை.

மூன்றாவது, இடத்துச் சத்தம். தோட்டத் தொழிலாளர்களின் லயன் வீடுகளில் தகரக் கூரைமேல் மழை விழுந்தால் பேட்டியை நிறுத்துவதைத் தவிர வேறு வழி கிடையாது. தேயிலைத் தொழிற்சாலைக்குள் வாட்டும் தொட்டிகளின் விசிறிகளும் இலையை நொறுக்கும் சிடிசி உருளைகளும் ஓடும்போது பேட்டி எடுக்காதீர்கள். சத்தத்தைத் தனியாக இரண்டு நிமிடம் பதிந்துகொண்டு, ஆளை வெளியே கூட்டிவாருங்கள். சோலைக்காட்டு ஓரத்தில் அந்தியில் சில்வண்டு எழும்பிவிடும். அதன் அலைவரிசையும் "ச", "ஷ" ஒலிகளின் அலைவரிசையும் ஒன்றோடொன்று மோதும். வடிகட்டினால் பேச்சும் மழுங்கும். மாலை ஐந்துக்குள் முடித்துவிடுவது உத்தமம். எந்த இடமானாலும் கிளம்புமுன் எல்லோரும் வாயை மூடி, ஒரு நிமிடம் வெற்றுச்சத்தம் பதியவேண்டும். வெட்டிய இடங்களை ஒட்டுவதற்கு அதுதான் பசை.

உடையும் ஒரு தொந்தரவு. கொழுந்து பறிக்கிறவர்கள் இடுப்பில் சுற்றியிருக்கும் பிளாஸ்டிக் படுதா ஒவ்வோர் அசைவுக்கும் சரசரக்கும். அதை அவிழ்த்து வைத்துவிட்டு உட்காரச் சொல்லுங்கள். சேலையில் முந்தானையில் குத்தாதீர்கள், அது நழுவும், உரசும். ரவிக்கையின் மேல்விளிம்பில் குத்தி, கம்பியை ஒரு சிறு வளையமாகச் சுற்றி டேப்பால் ஒட்டினால் இழுவைச் சத்தம் மைக்குக்கு ஏறாது. பெண்களுக்கு மைக் மாட்ட குழுவில் ஒரு பெண் இருக்கவேண்டும், இல்லையென்றால் அவரே மாட்டிக்கொள்ளும்படி காட்டிக்கொடுங்கள். ஸ்வெட்டரும் மஃப்ளரும் போட்டவர்களிடம் மைக்கை உள்ளே ஒளிக்காமல் கம்பளிக்கு வெளியே தெரிய வையுங்கள். தோடர் பெரியவர்கள் போர்த்தியிருக்கும் புத்துக்குளியில் எதையும் குத்தக்கூடாது. குழல் மைக்கைப் படத்தில் விழாதபடி ஃப்ரேமுக்கு வெளியே தாழ்வாகப் பிடிப்பதே மரியாதை.

தோட்டத்துச் சரிவில் நடந்துகொண்டே பேசும் காட்சிக்கு எஃப்3 அவ்வளவு தோதில்லை. 2.4 கிகாஹெர்ட்ஸ் வயர்லெஸ் மைக் வாங்கி இதில் இணைக்கலாம்; ஆனால் பெட்டியில் 200 மீட்டர் என்று போட்டிருப்பது நேர்ப்பார்வைத் தூரம். மனித உடம்பும் நனைந்த தேயிலைச் செடியும் அந்த அலையை உறிஞ்சிக்கொள்ளும், ஆள் முதுகைக் காட்டித் திரும்பினாலே விட்டுவிட்டு வரும். நடைக்காட்சி அதிகம் என்றால் இதே நிறுவனத்தின் எஃப்2 சட்டைப் பையில் அடங்கும், அதுவும் 32-பிட்தான், டிரிபிள்-ஏ பேட்டரியில் ஓடும், அலைவரிசைத் தொல்லையே இல்லை.

பேட்டரி, நகல், நேரம்

48 வோல்ட் ஃபாண்டம் போட்டவுடன் டபுள்-ஏ பேட்டரி கரையத் தொடங்கும். ஆல்கலைன் பேட்டரி குளிரில் இன்னும் சீக்கிரம் படுத்துவிடும். நிக்கல் ரீசார்ஜ் பேட்டரியோ லித்தியமோ போட்டு, மெனுவில் அதே வகையைத் தேர்ந்தெடுங்கள். வகையை மாற்ற மறந்தால் திரையில் காட்டும் பேட்டரி அளவு பொய் சொல்லும். யூஎஸ்பியில் பவர் பேங்க் கொடுப்பது நல்ல வழிதான், ஒரு சிக்கலோடு: சில பவர் பேங்குகள் இழுக்கும் மின்சாரம் குறைவாக இருந்தால் "ஒன்றும் சார்ஜ் ஆகவில்லை" என்று தாமே அணைந்துவிடும். வீட்டிலேயே இரண்டு மணி நேரம் ஓடவிட்டுப் பார்த்துக்கொண்டு கிளம்புங்கள். அதே பவர் பேங்கில் செல்போனையும் செருகினால் சில சமயம் இரைச்சல் ஏறும்.

48 கிலோஹெர்ட்ஸில் இரண்டு தடம் பதிந்தால் மணிக்கு 1.4 ஜிபி. 64 ஜிபி கார்டில் ஏறத்தாழ 45 மணி நேரம் கொள்ளும். 96-க்குப் போகவேண்டாம், பேச்சுக்கு ஒரு லாபமும் இல்லை, இடம் இரட்டிப்பாகும்.

ஒரே கார்டு என்பது இந்தக் கருவியின் பெரிய குறை. ஒருமுறை பேசி, மறுநாள் "வேண்டாம், பயமா இருக்கு" என்று சொல்லக்கூடியவர்களை வைத்து எடுக்கும் படத்தில் அந்த ஒரு கார்டு கெட்டால் எல்லாம் போச்சு. அதற்காக லைன் அவுட்டைக் கேமராவின் மைக் துளையில் செருகிவிடவேண்டும். கேமராவில் தானியங்கி அளவை நிறுத்தி, கையால் தாழ்வாக வைக்கவேண்டும். அந்த நகல் 32-பிட் இல்லை, உரத்த இடத்தில் கிழியலாம். இருந்தாலும் நகல். படத்தோடு ஒலியைப் பொருத்தவும் அது உதவும், கைதட்டலை நம்பியிருக்கவேண்டாம். நீண்ட பேட்டியில் ஒரு விஷயம்: கேமராவின் கடிகாரமும் எஃப்3-இன் கடிகாரமும் பத்து லட்சத்தில் பத்துப் பங்கு வேறுபட்டாலே ஒரு மணி நேரத்தில் 36 மில்லிசெகண்ட் விலகும். நொடிக்கு 25 ஃப்ரேம் என்றால் கிட்டத்தட்ட ஒரு ஃப்ரேம். அரைமணிக்கு ஒருமுறை நிறுத்தித் தொடங்கினால் தீர்ந்தது.

கிளம்புமுன் தேதியும் நேரமும் சரியா என்று பாருங்கள். சர்ச்சைப் படத்தின் பதிவு எப்போது யாருக்கு வேண்டிவரும் என்று சொல்ல முடியாது. போபால் விஷவாயு விபத்தைப் பற்றிய, தேசிய விருது பெற்ற ஆவணப்படம் ஒன்றை ஒளிபரப்ப தூர்தர்ஷன் மறுத்தது. நிதானம் இல்லை, நடுநிலை இல்லை, பழசாகிவிட்டது, வழக்கு நடக்கிறது என்று பல காரணம் சொன்னது. உச்ச நீதிமன்றம் 1992-ல் எல்ஐசி – மனுபாய் ஷா வழக்கோடு சேர்த்து அதை விசாரித்து, அரசைக் குறைசொல்வது ஒளிபரப்ப மறுக்கக் காரணமாகாது என்ற நிலையை எடுத்தது. படம் வந்து, விருது வாங்கி, பல வருடம் கழித்து வந்த தீர்ப்பு. நம்மூர் விவகாரங்களும் அப்படித்தான் நீளும்: பாதரசக் கழிவுச் சர்ச்சையில் சிக்கிய கொடைக்கானல் தெர்மாமீட்டர் ஆலை 2001-ல் மூடப்பட்டது, 591 முன்னாள் தொழிலாளர்களுடனான உடன்பாடு 2016-ல் வந்தது, சீகூர் யானை வழித்தடத்தில் சென்னை உயர் நீதிமன்றத் தீர்ப்பு 2011, உச்ச நீதிமன்றம் அதை உறுதிசெய்தது 2020, கூடலூர் ஜென்மம் நிலத்துக்கு 1969-ல் சட்டம் போட்டும் இன்றுவரை பஞ்சாயத்து ஓயவில்லை. ஆகவே வெட்டிய படத்தை மட்டும் வைத்துக்கொண்டு முழுப் பதிவை அழிப்பது இந்தத் தொழிலில் தற்கொலை. அன்று மாலையே இரண்டு டிஸ்கில் நகல், அவற்றில் ஒன்று சமவெளியில் வேறு வீட்டில், கார்டைக் காலி செய்வது அதற்கப்புறம்.

கருவியின் காது ரொம்பக் கூர்மை

விளம்பரத்தில் வராத பக்கம் ஒன்று உண்டு. முணுமுணுப்பையும் எஃப்3 எடுத்துவைக்கிறது என்றோம். பேட்டி தரும் பெண்ணின் பின்னால் நின்று அவருடைய கணவர் "மேனேஜர் பேரைச் சொல்லாதே" என்று கிசுகிசுத்தால் அதுவும் கோப்பில் இருக்கும், எடிட்டிங்கில் ஏற்றினால் தெளிவாகக் கேட்கும். கேமரா நின்றபின் மைக்கைக் கழற்றாமலே அவர் அடுப்படிக்குப் போய்ப் பேசினால் அதுவும் இருக்கும். கருவிக்கு இதில் குற்றமில்லை. வைத்திருப்பவருக்குத்தான் கட்டுப்பாடு வேண்டும். கேமரா நின்றதும் எஃப்3-ஐ நிறுத்துங்கள், மைக்கைக் கையில் வாங்கிக்கொள்ளுங்கள். தெரியாமல் விழுந்த பேச்சு எவ்வளவு காரசாரமாக இருந்தாலும், பேசியவரிடம் போட்டுக்காட்டி ஒப்புதல் வாங்காமல் பயன்படுத்தக்கூடாது.

ஒப்புதலையும் இதிலேயே பதிவது நல்லது. பேட்டிக்கு முன் அவரவர் மொழியில்: பெயர், ஊர், தேதி, படம் எதைப் பற்றியது, எதிர்த்தரப்பும் பேசப்போகிறது என்பது, எந்த சானல், இணையத்தில் வருமா, பணம் உண்டா இல்லையா, எந்தத் தேதிவரை பின்வாங்கலாம். ஒன்றரை நிமிடம் ஆகும். தெப்பக்காட்டில் எடுத்த ஆவணக் குறும்படம் 2023-ல் ஆஸ்கர் வாங்கிய பிறகு, படத்தில் வருகிறவர்களுக்கு எடுத்தவர்கள் என்ன கடன்பட்டிருக்கிறார்கள் என்ற பேச்சு இந்த மலையில் பரவலாகவே கிளம்பியது. கைரேகை வைத்த தாளைவிட, கேள்வியும் பதிலுமாகப் பதிந்த குரல் பலமானது.

முகத்தையும் குரலையும் மறைக்கிறோம் என்று வாக்குக் கொடுத்திருந்தால் சுருதியை மட்டும் மாற்றி அனுப்பாதீர்கள். அதை யாரும் திருப்பி மாற்றிக் கேட்கலாம். வேறொருவரைக் கொண்டு வார்த்தை மாறாமல் மறுபடி பேசவைப்பதுதான் பாதுகாப்பு. பின்னணியையும் கவனியுங்கள்: தொழிற்சாலைச் சங்கும் கோயில் மைக்கும் எந்த எஸ்டேட் என்று காட்டிக்கொடுத்துவிடும்.

எடிட்டிங் மேசையில்

டாவின்சி ரிசால்வ், பிரீமியர், ரீப்பர் மூன்றும் 32-பிட் ஃப்ளோட்டை நேராகத் திறக்கும். செல்போனில் வாட்ஸ்அப்பில் அனுப்பிக் கேட்கச் சொன்னால் சிலரிடம் ஓடாது. கோப்பு பார்க்கத் தட்டையாகவோ, உச்சி வெட்டியதாகவோ தெரிந்தால் பதறவேண்டாம். கிளிப்பின் அளவைக் கூட்டினாலோ குறைத்தாலோ அலை முழுசாக வரும். முதலில் அளவைச் சரிசெய்து, பிறகு இரைச்சல் நீக்கி, கடைசியில் சானல் கேட்கும் 48 கிலோஹெர்ட்ஸ், 24-பிட்டாக மாற்றுங்கள். வரிசையை மாற்றி முதலிலேயே 24-பிட் ஆக்கிவிட்டால் 32-பிட் வாங்கிய காசு வீண். இரைச்சல் நீக்கியை இரு தரப்புக்கும் ஒரே அளவில் போடுங்கள். தொழிலாளி குரலுக்கு மட்டும் அதிகம் போட்டால் அது தண்ணீருக்குள்ளிருந்து வருவதுபோல் ஆகி, மறுபடி பழைய பள்ளத்திலேயே விழுவோம்.

வேறு எதைப் பார்க்கலாம்

கூட்டங்கள் அதிகம் என்றால் இதே நிறுவனத்தின் எஃப்6: ஆறு எக்ஸ்எல்ஆர் உள்ளீடு, அதுவும் 32-பிட் ஃப்ளோட். எடையும் விலையும் பேட்டரிப் பசியும் கூடும், கூடவே ஒலிக்கு ஓர் ஆள் வேண்டும். சவுண்ட் டிவைசஸ் மிக்ஸ்பிரீ-3 இரண்டாம் பதிப்பில் மூன்று உள்ளீடு, உலோக உடம்பு, கையில் திருகு. காசு உள்ளவர்கள் யோசிக்காமல் அதை எடுக்கலாம். மொழிபெயர்ப்பவர் இல்லாமல் ஒரு பேட்டியும் நடக்காத தோடர், கோத்தர் ஊர்களில் நீண்ட நாள் வேலை என்றால் அந்த மூன்றாவது உள்ளீடு கூடுதல் விலைக்குத் தகும்.

எஃப்3 வாங்குகிறவர்கள் கருவியின் விலையோடு இவற்றையும் கூட்டிப்பாருங்கள்: ஒரே மாதிரியான காலர் மைக் இரண்டு, மாற்றி இரண்டு, 3 மீட்டர் எக்ஸ்எல்ஆர் கம்பி இரண்டு, காதை முழுசாக மூடும் ஹெட்ஃபோன், ஃபர் உறைகள், எட்டு ரீசார்ஜ் பேட்டரி, இரண்டு கார்டு, இரண்டு டிஸ்க். மொத்தம் கருவியைப்போல் இரண்டு மடங்கைத் தாண்டிவிடும். பட்ஜெட் இடித்தால் கேமரா லென்ஸில் குறையுங்கள். ஹெட்ஃபோனில் மட்டும் குறைக்காதீர்கள். திருகு இல்லாத கருவியில் என்ன நடக்கிறது என்று சொல்ல அந்த இரண்டு காதைத் தவிர வேறு எதுவும் இல்லை.